பதினாலு மைல் தள்ளி

பனையடித்துறை வள்ளங்கள் ஆறு வருடமாகச் சேற்றில்தான் மீன் பிடித்தன. நான் சொல்லவில்லை, அரசாங்கப் பதிவு சொல்கிறது. ஒரு நெத்திலி கூட எட்டிப் பார்க்காத சேற்றுக்கடலுக்கு நாற்பத்து மூன்று வள்ளங்கள் வாராவாரம் போய், வட்டமடித்து, தூண்டில் போட்டு, ஐஸ்பெட்டி நிறையச் சூரையும் நெய்மீனும் கொண்டு வந்ததாக முந்நூற்றுப் பன்னிரண்டு வாரப் பதிவுகள் இருக்கின்றன. ஒவ்வொன்றின் அடியிலும் பங்குக் கோவில் முத்திரை, பக்கத்தில் என் கையெழுத்து. பெர்பெத்துவாள், தரவுப் பொறுப்பாளர். அத்தனையும் நான் நாற்காலியில் உட்கார்ந்து செய்த பொய்.

பெருமையாகச் சொல்கிறேனா என்று கேட்டால், செய்த காலத்தில் பெருமையாகத்தான் இருந்தது. ஊரே என்னைக் கொண்டாடியது. இப்போது அந்தக் கையெழுத்தை நான் திரும்பிப் பார்ப்பதில்லை.

கடற்பாதைச் சட்டம் வந்தபோது ஒவ்வொரு வள்ளத்திலும் ஒரு பெட்டியைப் பொருத்தச் சொன்னார்கள். எங்கே போகிறோம், எங்கே நிற்கிறோம் என்று நொடிக்கு நொடி கரைக்குச் சொல்லும், புயல் வந்தால் கரையின் எச்சரிக்கையை வள்ளத்துக்கும் தரும் பெட்டி. பத்தொன்பது நாள் கடலுக்குப் போகாமல் கோவில் முற்றத்தில் உட்கார்ந்து அதை எதிர்த்தோம். உள்நாட்டுக்காரர்களுக்கு இது புரியாது, உங்கள் உயிருக்குத்தானே பாதுகாப்பு என்பார்கள். கடலுக்கடியில் கிடக்கும் பாறைத்திட்டுக்கு நாங்கள் பார் என்று சொல்வோம். மீன் நிற்பது அங்கேதான். ஒவ்வொரு குடும்பமும் தன் பாரைத் தேடிக் கண்டுபிடித்து, கூடப் பிறந்தவனுக்குக் கூடச் சொல்லாமல் வைத்திருக்கும். அந்த இடம் பெட்டி வழியாகக் கரைக்கு வந்தால், கம்பெனி இழுவைப்படகுகளின் கைக்குப் போக எத்தனை நேரம் ஆகும்? இரும்புச் சட்டம் கட்டிய மடிவலையை நாலு முறை இழுத்தால் பார் மொட்டை. அப்புறம் நம் ஆயுசுக்கு அங்கே மீன் கிடையாது.

கடைசியில் ஒரு சமாதானம் வந்தது. சின்ன வள்ளங்களுக்குப் பெட்டி வேண்டாம். கையில் கொண்டு போகும் ஜிபிஎஸ் கருவியில் பதிவாகும் பாதையை, வாரம் ஒருமுறை ஊர் சார்பில் ஒருவர் முத்திரையோடு அனுப்பினால் போதும். ஆபத்து வந்தால் அதை வைத்துத் தேடுவார்கள். ஊரில் கம்ப்யூட்டர் படித்தவள் நான் ஒருத்தி. வேலை என் தலையில் விழுந்தது.

பங்கு மண்டபத்தின் பின்னறையில் ஒரு பழைய லேப்டாப். இணையத்தோடு பேசும் சில்லையே அதிலிருந்து கழற்றி எறிந்துவிட்டேன். அதில் ஒரு மென்பொருள். காசு கிடையாது, உள்ளே எப்படி எழுதியிருக்கிறார்கள் என்று யாரும் திறந்து பார்க்கலாம், மாற்றி எழுதலாம். எந்த ஊர்ப் புண்ணியவான்களோ மலையேறுகிறவர்களுக்காக எழுதியது. எங்கள் வள்ளம் போன பாதைக்குப் பக்கத்திலும் அது ஒரு ஷூ படத்தைத்தான் போடும். பழைய கடல் வரைபடங்களைத் துண்டு துண்டாக ஸ்கேன் செய்து அதில் ஏற்றி, ஆழக் கோடுகளோடு பொருத்தி வைத்தேன். கருவியை வயரில் மாட்டினால் போதும், போன வழி கோடாக வரும், நின்ற இடம் புள்ளியாக வரும். அந்த மென்பொருளுக்குள் நான் சொந்தமாக நாற்பது வரி எழுதிச் சேர்த்தேன். கரையில் ஒன்றும் செய்யாது. ஆழத்துக்குப் போகப் போகப் பாதையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெற்கே தள்ளும். பார் கிடக்கும் தூரத்தில் பதினாலு மைல் தள்ளியிருக்கும். தள்ளிய பாதையைப் பென்டிரைவில் எடுத்துப் போய்க் கோவில் அலுவலகத்திலிருந்து அனுப்பிவிடுவேன். உண்மை அந்த லேப்டாப்புக்குள் மட்டும் கிடக்கும்.

சனிக்கிழமை மத்தியானம் ஆண்கள் வருவார்கள். ஒருவன் பாரை மற்றவன் பார்த்துவிடக் கூடாது என்பதால், ஒருத்தன் உள்ளே இருக்கும்போது மற்றவர்கள் வெளியே நிற்பார்கள். இதற்கு ஊரில், சாமியாரிடம் தனியாகப் பாவத்தைச் சொல்லும் பாவசங்கீர்த்தனம் என்றே பெயர் விழுந்துவிட்டது. பங்குச் சாமியாருக்கே சிரிப்பு. "எனக்கிட்ட வாறதுக்கு ஆளில்ல, ஒனக்கிட்ட வரிசையா நிக்கியானுவளே," என்பார். ஆனால் அது வெறும் விளையாட்டு இல்லை. கோவிலில் இராயப்பர் பீடத்தில் கைவைத்துச் சத்தியம் செய்திருக்கிறேன். ஒருத்தன் பாரை இன்னொருத்தனிடம் சொல்ல மாட்டேன், கட்டின புருஷனிடம் கூட.

கட்டின புருஷன் சேசடிமை. அவரும் வரிசையில் நின்றுதான் வருவார். உள்ளே வந்ததும் கருவியை மேசைமேல் வைத்து, கைகூப்பிக்கொண்டு, "சுவாமி, நான் பாவி, என்ன ஆசீர்வதியும்," என்பார். "எழும்பிப் போங்கோ, வெளிய ஆளு நிக்குவு," என்று விரட்டுவேன். வீட்டில் சாப்பிட உட்கார்ந்ததும் நைசாக ஆரம்பிப்பார்.

"எட்டி, தனிஸ்லாசு இந்த வாரம் எங்க போனான்? பெட்டி நெறய கொண்டாந்திருக்கியான்."

"சோத்தத் தின்னுங்கோ."

தனிஸ்லாஸ் எங்கே போனான் என்று எனக்குத் தெரியும். இவருடைய பாருக்குத்தான். மூன்று வருடமாக, இவர் கரையில் இருக்கும் நாளாகப் பார்த்துப் பார்த்துப் போய்க்கொண்டிருந்தான். இவருடைய உயிர்ச் சிநேகிதன், எங்கள் கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழன். இரண்டு பேருடைய கோடுகளும் என் திரையில் ஒன்றின்மேல் ஒன்று விழும். நான் வாயைத் திறந்ததில்லை.

கார்த்திகையில் ஒரு செவ்வாய்க்கிழமை அவர் கடலுக்குப் போனார். வள்ளத்தில் நாலு பேர். அவர், எஞ்சின் பார்க்கும் தொபியாஸ், அசாமிலிருந்து வந்து எங்கள் தெருவிலேயே வீடெடுத்துத் தங்கியிருந்த கோகேன், பிதுல். வியாழக்கிழமை காலையில் தாழ்வு மண்டலம் என்றார்கள், மத்தியானம் புயல் என்றார்கள், சாயங்காலத்துக்குள் தென்னைகள் முறிந்து விழுந்தன. கரையில் சொன்ன வானிலை ஆழ்கடலில் கிடப்பவன் காதுக்கு எப்படிப் போகும்? பெட்டி இருந்தால் போயிருக்கும். அதை வேண்டாம் என்று பத்தொன்பது நாள் உட்கார்ந்தவர்கள் நாங்கள்தான். அந்த வாரம் போன ஒன்பது வள்ளத்தில் எட்டு வந்து சேர்ந்தது.

வெள்ளி விடிந்ததும் ஊர்த் தலைவர் வியாகப்பன் அண்ணன் இரண்டு வள்ளத்தை இறக்கினார். அலையைத் தடுக்கக் கல்லைக் கொட்டிக் கட்டிய தூண்டில் வளைவைக் கூடத் தாண்ட முடியவில்லை. ஒன்று பாறையில் மோதிப் பிளந்தது, ஒருத்தனுக்குத் தொடையெலும்பு போச்சு.

"இது மனுசன் போற கடல் இல்ல, பெத்துவா," என்றார் அண்ணன், நனைந்த வேட்டியோடு நின்று மூச்சு வாங்கியபடி. "மெஷின்தான் போவும். நீ போய் அவியள்ட்ட உள்ளதச் சொல்லு."

தொபியாசின் பெண்டாட்டி ஆக்னசும் நானும் ஊர் ஜீப்பில் கடல்தேடல் மையத்துக்குப் போனோம். விழுந்து கிடந்த மரங்களைச் சுற்றிப் போய்ச் சேரப் பத்தரை ஆகிவிட்டது. மதிவாணன் என்று ஒரு பையன் மேசையில் இருந்தான். முப்பது வயசு இருக்கும். இரண்டு நாள் தூங்காத கண். உள்நாட்டுப் பையன், மரியாதை தெரிந்தவன்.

"உக்காருங்கம்மா. வள்ளத்தோட நம்பர் சொல்லுங்க."

சொன்னேன். திரையை எங்கள் பக்கம் திருப்பினான். கடல்மேல் ஒரு சிவப்புக் கட்டம். சேற்றுக்கடல்.

"காத்து, நீரோட்டம் எல்லாம் கணக்குப் போட்டு, ஆளில்லாத் தேடுபடகு ஒண்ணு விடியறதுக்கு முன்னாலருந்தே அங்கதான் சுத்திக்கிட்டிருக்கு. கவலைப்படாதீங்க."

"தம்பி, அங்க அவிய இல்ல."

"எப்படிச் சொல்றீங்க?"

"அந்தக் கட்டத்தப் போட்டதே நாந்தான். பொய்யாப் போட்டது. நெசத்துக்கு அவிய போன பாரு அங்கேருந்து வடக்க பதினாலு மைலு." மடியிலிருந்து காகிதத்தை எடுத்து வைத்தேன். ஒரு பாரின் உண்மையான எண்ணைக் காகிதத்தில் எழுதியது என் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. "படக அங்க திருப்பும். இப்பமே திருப்பும்."

அவன் கோபப்படவில்லை. எண்ணைத் தட்டினான். திரையில் ஒரு மஞ்சள் கட்டம் வந்தது, அதற்குள் ஒரு எண் வந்தது. மூன்று.

"மூணு சதவீதம்மா."

"என்னது மூணு?"

"நீங்க சொல்ற இடத்துல அவங்க இருக்கறதுக்கு வாய்ப்பு. மெஷின் மனுஷங்க சொல்றத கேக்காதுன்னு இல்ல, எடை போட்டுப் பாக்கும். ஆறு வருஷத்துல இந்த வள்ளம் அங்க ஒருதடவை கூடப் போகல. உங்க ஊரு வள்ளம் எதுவுமே போகல. இன்னிக்குக் காலையில, புருஷனைக் காணாத ஒரு அம்மா வந்து வேற இடம் சொல்றாங்க. இப்படி இன்னிக்கு மட்டும் பத்து பேரு வந்து பத்து இடம் சொல்லிட்டாங்கம்மா. ஒருத்தருக்குக் கனவுல மாதா வந்து சொன்னாங்களாம்."

"நான் கனவு கண்டிட்டு வரல. இது நான் செஞ்ச வேல!"

"நான் நம்பறேன். ஆனா முடிவு பண்றது நான் இல்ல. எட்டு படகு இருக்கு, காணாமப் போனது இந்தக் கடற்கரை முழுக்க இருபத்தேழு வள்ளம். எது எங்க போகணும்னு அதுதான் பிரிச்சுக் குடுக்கும். முன்னல்லாம் அதிகாரிங்க முடிவு பண்ணாங்க, வேண்டப்பட்ட ஊருக்கு முதல்ல அனுப்பறாங்கன்னு வழக்கு போட்டாங்க. அதுக்கப்புறம் மனுஷன் கை வைக்கக் கூடாதுன்னு ஆயிடுச்சு."

ஆக்னஸ் நடுவில் புகுந்தாள். "சாமி, அத எப்படி நம்ப வைக்கது? அத மட்டும் சொல்லும்," என்றாள்.

அவன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டான். "கருவியிலருந்து எடுத்த மூல ஃபைல் இருக்கா? தொடாதது?"

"ஒக்க இருக்கு," என்றேன். "ஆறு வருசமும்."

"உங்க வள்ளத்தோடது மட்டும் குடுத்தா பத்தாது. ஒண்ணு மட்டும் மாறினா, அதைத் தப்புன்னு ஒதுக்கிடும். நாப்பத்து மூணும் ஒரேமாதிரி தள்ளியிருக்குன்னு பாத்தாத்தான் ஊரே தள்ளிப் போட்டிருக்குன்னு புரிஞ்சுக்கும். ஒவ்வொரு உரிமையாளரும் கைரேகை வைக்கணும், உங்க வீட்டுக்காரருக்கு நீங்க வைக்கலாம். ஒண்ணு குறைஞ்சாக் கூட ஏத்துக்காது."

"அப்ப நம்ம பாரு எல்லாம்?" என்று ஆக்னஸ் என்னைப் பார்த்தாள்.

"ஒண்ணு விடாம இவியளுக்குப் போவும்."

"சவம், போவட்டும்," என்றாள் அவள்.

ஒரு மணிக்குக் கோவில் மணி அடித்தது. மழையில் நனைந்துகொண்டு ஊரே மண்டபத்துக்கு வந்தது. நான் நின்று விஷயத்தைச் சொன்னேன். எல்லோரும் ஓடி வந்து விரலை நீட்டுவார்கள் என்று நினைத்திருந்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். ஆறு வருடம் ஒவ்வொருத்தனும் தன் பாரை நெஞ்சுக்குள் வைத்துக் காத்ததைக் கண்கொண்டு பார்த்தவள் நான். அப்படி எளிதில் விடுவார்களா?

"ரெண்டு பேருக்காவ நாப்பத்து மூணு வள்ளத்துக்க வயித்துல அடிக்கணுமா?" பின்னாலிருந்து ஒரு குரல்.

ஆக்னஸ் எழுந்துவிட்டாள். "நாலு பேருலே! அந்த அசாம் பிள்ளையளும் சேத்து நாலு. போன கிறிஸ்மசுக்கு ஒனக்க வீட்டுலதான சோறு தின்னுது அதுவ? எண்ணத் தெரியாதா ஒனக்கு?"

"இன்னைக்குக் குடுத்தா, நாளைக்கு நம்ம பிள்ளைய என்னத்தத் திங்கும்?"

"இன்னைக்குக் குடுக்கலன்னா, நாளைக்கு நீ காணாமப் போம்போ ஒன்ன எவன் தேடுவான்?"

இப்படியே போனது. இரண்டு பக்கமும் நியாயம் இருந்ததுதான் கொடுமை. வியாகப்பன் அண்ணன்தான் முதலில் வந்து, மதிவாணன் கொடுத்தனுப்பியிருந்த ரேகைக் கருவியில் விரலை அழுத்தினார். "எனக்க பாரு எனக்க அப்பன் கண்டுபிடிச்சது. போட்டு," என்று சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு ஒவ்வொருத்தராக வந்தார்கள். சிலர் அழுதார்கள், சிலர் என்னை ஏசிக்கொண்டே வைத்தார்கள். நாலு மணிக்கு நாற்பத்திரண்டு ரேகை ஆகிவிட்டது. தனிஸ்லாஸ் மட்டும் இல்லை. கூட்டத்தில் தூணோரம் உட்கார்ந்திருந்தவன், எப்போது எழுந்து போனான் என்று யாருக்கும் தெரியவில்லை.

ஊர் வாய்விட்டுத் திட்டியது. "தோழனாம் தோழன்! பேராசக்காரப் பய." எனக்கு மட்டும்தான் காரணம் தெரியும். சொன்னால் அந்தக் கூட்டம் அவனை அங்கேயே இழுத்துவந்து விரலை அழுத்த வைத்திருக்கும். சத்தியம் என் நாக்கைக் கட்டிப்போட்டது. இன்றைக்கும் அதை நினைத்துத் தலையில் அடித்துக்கொள்கிறேன். சத்தியமாவது மண்ணாங்கட்டியாவது!

அவனைத் தேடிப் பிடிக்கவே ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. ஏலக்கூடத்துக்குப் பின்னால் வலைக்குவியலுக்குள் உட்கார்ந்திருந்தான். கூட வந்தவர்களைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு நான் மட்டும் போனேன்.

"மைனி, நான் வைக்க மாட்டேன். என்ன விட்டிருங்கோ."

"எதுக்குன்னு எனக்குத் தெரியும், தனிஸ்லாசே."

நிமிர்ந்து பார்த்தான். முகம் வெளுத்துப் போயிருந்தது. "அவங்கிட்டச் சொல்லிட்டியளா?"

"சொல்லல."

"ஒருக்கா கூடவா?"

"ஒருக்கா கூட இல்ல. சோறு போடும்போ ஒன்னப் பத்திக் கேப்பாவ. நான் பேச்ச மாத்திருவேன்."

அவன் வாயைப் பொத்திக்கொண்டு அழுதான். வீட்டைக் கடன் முழுங்கிய நேரத்தில் ஒருதடவை அந்தப் பாருக்குப் போனானாம், பிறகு கால் தானாகப் போனதாம். "அந்தக் கோடு வெளிய போனா ஊரு பாக்கும் மைனி. அவன் வந்து பாப்பான். திரும்பி வந்தான்னா அவனுக்க மூஞ்சில நான் எப்படி முழிப்பேன்?"

"திரும்பி வந்தாத்தானலே முழிக்கணும்!" நான் கத்திவிட்டேன். "வராமப் போனா?"

"எனக்க கோட்டுல அந்த நாளுவள மட்டும் அழிச்சிட்டு அனுப்பினா என்னா?"

"அழிச்சா அது கண்டுபிடிச்சிரும். தொடாததுதான் வேணும்."

காலில் விழுந்தேன். என்னைவிட நாலு வயது இளையவன் காலில். பதறி எழுந்தான். இருந்தும் உடனே வரவில்லை. அழுதான், தூரப் போய் நின்றான், திரும்பி வந்து உட்கார்ந்தான். கடைசியில் அவனே எழுந்து மண்டபத்துக்கு நடந்தான். அவன் விரலை வைத்தபோது ஆறே முக்கால்.

ஐந்து நிமிடத்தில் எல்லாவற்றையும் அனுப்பினேன். மதிவாணன் போனில் வந்தான். "தொண்ணூத்தாறு சதவீதம்மா! படகு திரும்பிடுச்சு. இந்த அலையில மணிக்கு ரெண்டு மைல்தான் போகும். ஏழு மணி நேரம் ஆகும், தைரியமா இருங்க." மண்டபமே கைதட்டியது. ஆக்னஸ் என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன்.

தேடுபடகு சொன்ன நேரத்துக்குச் சொன்ன இடத்துக்குப் போனது. வள்ளம் கவிழ்ந்து மிதந்தது. அதன் அடிப்பலகையோடு கயிற்றால் தங்களைக் கட்டிக்கொண்டு இரண்டு பேர். தொபியாசும் அவரும். உயிர் இல்லை. கோகேனும் பிதுலும் கிடைக்கவே இல்லை.

அடக்கம் முடிந்து நாலாம் நாள், அவருடைய உடுப்போடு ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுத் தந்த கருவியை எடுத்துக்கொண்டு பின்னறைக்குப் போனேன். புது பேட்டரி போட்டு வயரில் மாட்டினேன். கோடு வந்தது. வியாழன் சாயங்காலம் நாலேமுக்காலுக்கு வள்ளத்தின் வேகம் விழுந்து, பிறகு நீரோட்டத்தின் போக்கில் கோடு வளைந்து வளைந்து போனது. அதன்மேல் புள்ளிகள். அந்தக் கருவியில் ஒரு பொத்தானை அழுத்திப் பிடித்தால், இருக்கும் இடமும் நேரமும் ஒரு எண்ணோடு பதிவாகும். பார் கண்டால் அழுத்துவார்கள். அவர் ஐந்து இருபதுக்கு ஒன்று அழுத்தியிருந்தார். ஆறு இருபதுக்கு ஒன்று. ஏழு இருபதுக்கு ஒன்று. கவிழ்ந்த வள்ளத்தின்மேல் கிடந்துகொண்டு, மணிக்கு ஒன்றாக, தப்பாமல். அவை எங்கேயும் போய்ச் சேராத புள்ளிகள் என்று அவருக்குத் தெரியும். கரைக்கு வந்தபிறகு நான் பார்ப்பேன் என்றுதான் போட்டிருக்க வேண்டும். முப்பத்தொரு புள்ளிகள். கடைசிப் புள்ளி வெள்ளி இரவு பதினொன்று இருபது.

படகு போய்ச் சேர்ந்தது இரண்டு மணிக்குப் பத்து நிமிடம் முன்னால்.

கூட்டிக் கழிக்கப் படிப்பு வேண்டாம். ஒன்றரை மணிக்கே நாற்பத்து மூன்று விரலும் விழுந்திருந்தால், படகு எட்டரைக்கு அங்கே இருந்திருக்கும். எட்டு இருபதுக்கு அவர் பொத்தானை அழுத்தியிருக்கிறார். ஒன்பது இருபதுக்கும் அழுத்தியிருக்கிறார். மண்டபத்தில் நாங்கள் பேசிக்கொண்டிருந்த நேரத்தில் மட்டும் ஆறு புள்ளிகள். நான் ஒப்பாரி வைக்கவில்லை. ஒவ்வொரு புள்ளியாகத் தொட்டு நேரத்தை வாசித்தேன், முடிந்ததும் முதலிலிருந்து வாசித்தேன். யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் ஊர் முட்டாள் இல்லை. உடலைப் பரிசோதித்த டாக்டர் உயிர் போனதாகச் சொன்ன நேரத்தை வைத்து அவரவர் மனசுக்குள் கணித்துவிட்டார்கள். தனிஸ்லாஸ் அதன்பிறகு கடலுக்குப் போகவில்லை.

இரண்டே வாரத்தில் பார்களின்மேல் இழுவைப்படகுகளைப் பார்த்ததாக வந்து சொன்னார்கள். மூன்று நாலு வருடமாகவே அங்கங்கே கண்ணில் பட்டதுதான், மீனும் குறைந்துகொண்டே வந்ததுதான். அப்போது தற்செயல் என்று நினைத்தோம். இப்போது, "குடுத்தாச்சு, வந்துட்டான்," என்று பெருமூச்சு விட்டார்கள். யாரும் என்னைக் குறை சொல்லவில்லை. நாலு உயிருக்காக ஊர் தன் சோற்றைத் தூக்கிக் கொடுத்தது என்று சாமியார் பிரசங்கத்தில் சொன்னார். அந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் ஊர் தலைநிமிர்ந்து நடந்தது.

முப்பதாம் நாள் பூசைக்கு மதிவாணன் வந்திருந்தான். கடைசி வரிசையில் நின்றான். பூசை முடிந்து எல்லோரும் சாப்பாட்டுப் பந்திக்குப் போனபிறகு, பின்னறை வாசலில் வந்து நின்றான். தாடி வளர்ந்திருந்தது.

"வேலையை விட்டுட்டேன்மா," என்றான். சட்டைப் பையிலிருந்து நகத்தளவு மெமரி கார்டு ஒன்றை எடுத்து மேசைமேல் வைத்தான். "கம்பெனி இழுவைப்படகுங்களுக்கு விக்கற மேப் கார்டு இது. உங்க சாஃப்ட்வேர்ல போட்டுப் பாருங்க."

போட்டேன். நீலக் கடல்மேல் சின்னச் சின்ன நட்சத்திரங்களாக வந்தது. அதன் அடியில் எங்கள் உண்மைப் பாதைகளை விரித்தேன். ஒவ்வொரு நட்சத்திரமும் ஒவ்வொரு பாரின்மேல் போய் உட்கார்ந்தது. நாற்பத்து மூன்றும். அவருடைய பாருக்கு முதல் தரம் என்று குறிபோட்டு, எந்த மாதத்தில் என்ன மீன் என்று கூட எழுதியிருந்தது. அளந்து பார்த்தேன். எங்கள் புள்ளிக்கும் அவர்கள் நட்சத்திரத்துக்கும் பதினொரு மீட்டர் வித்தியாசம்.

"நாங்க அன்னைக்குக் குடுத்தத வித்துட்டாவ. தெரிஞ்சதுதான," என்றேன்.

"கார்டு தயாரான தேதியைப் பாருங்கம்மா."

பார்த்தேன். நாலு வருடத்துக்கு முந்திய தேதி.

நான் அவனைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்துக்கொண்டே பேசினான். "நீங்க தள்ளிப் போட்டது எங்க மையத்து வியாபாரப் பிரிவு மெஷினுக்குக் கொஞ்ச நாள்லயே தெரிஞ்சுபோச்சு. சேத்துமேல போய் யாரும் ராப்பகலா வட்டமடிக்க மாட்டாங்க. நீங்க அனுப்பின கோட்டை வடக்க பதினாலு மைல் நகத்தினா, பாறைமேல கச்சிதமா உக்காருது. அவங்க அப்பவே அதைத் திருத்தி, கம்பெனிக்கு விக்க ஆரம்பிச்சுட்டாங்க."

"அப்ப, தேடுக மெஷினுக்கு ஏன் அது தெரியல?"

"தேடல் பிரிவு நீங்க கையெழுத்துப் போட்டுக் குடுத்ததை மட்டும்தான் எடுக்கணும்மா. சனங்க சொன்ன தகவலை நாங்களா திருத்திப் பாக்கறது அவங்க அந்தரங்கத்துல தலையிடறதாம். சட்டத்துல அப்படித்தான் இருக்கு." அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். "எனக்கு அன்னிக்குத் தெரியாதும்மா. சத்தியமா தெரியாது. போன வாரம்தான் தெரிஞ்சுது."

சன்னல் வழியாகப் பந்தி தெரிந்தது. தனிஸ்லாஸ் பரிமாறிக்கொண்டிருந்தான். ஆள் பாதியாக இளைத்திருந்தான். முப்பது நாளாக ஊரில் அவனோடு யாரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. ஆக்னஸ் மட்டும் இலையை நகர்த்திக் கொடுத்தாள், அவன் குனிந்து சோறு வைத்தான். வெளியே போய், உன் விரல் தேவையே இல்லையடா, யார் விரலும் தேவைப்பட்டிருக்கவில்லை என்று அவனிடம் சொல்லவா? நாம் கொடுத்தது ஏற்கெனவே களவு போனது, நாம் பேசிக் கழித்த ஐந்து மணி நேரம் வெறும் காற்றுக்காக என்று இந்தச் சனத்திடம் சொல்லவா? சன்னலிலிருந்து திரும்பினேன்.

"தம்பி, வெள்ளிக்கிழம காலைல பத்தரை மணிக்கு நான் உமக்க மேசைக்கு முன்னால நின்னேனே," என்றேன். "அப்ப இந்த எண்ணு எங்க இருந்துது?"

"அதே கட்டிடத்துலதான்மா. மூணாவது மாடியில."

"ஏறிப் போவ எவ்வளவு நேரம் ஆவும்?"

அவன் முகத்தைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்திருந்தான். கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லியே பழகின பையன், அந்த அழுகைக்கு நடுவிலும் சொன்னான்.

"லிஃப்ட் இருக்கும்மா."